ஓர் இசைக்குழு ‘மாறிவிட்டது’ என்றால் எது மாறியது? பக்-டிக் இசையை முன்வைத்து ஓர் எளிய விளக்கம்

ஒரு ராக் இசைக்குழு இருபது முப்பது ஆண்டுகள் நீடித்துவிட்டால், அதைப் பற்றி இரண்டு விதமான பேச்சுகள் தவறாமல் கிளம்பிவிடும். ‘முன்பு போல இப்போது பாட்டு வருவதில்லை, ஆளே மாறிவிட்டார்கள்’ என்று ஒரு சாரார் வருந்துவார்கள். ‘ஒவ்வொரு ஆல்பத்திலும் வளர்ந்துகொண்டே போகிறார்கள்’ என்று மறுசாரார் மெச்சுவார்கள். இரு தரப்பும் மாற்றம், வளர்ச்சி, பரிணாமம் என்ற சொற்களைத் தாராளமாகப் புழங்குகின்றன. ஆனால் மாறியது எது, அப்படியே நின்றது எது, மாற்றம் எந்த வழியாக உள்ளே வந்தது என்று கேட்டால் தெளிவான பதில் வருவதில்லை. ஜப்பானிய ராக் இசையைப் பற்றிய உரையாடல்களில் இந்தக் குழப்பம் இன்னும் அதிகம். அங்கே ஒப்பனையும் முடியலங்காரமும் இசையோடு சேர்த்துக் குழப்பப்படுகின்றன.

இந்தக் கட்டுரை அந்தக் கேள்விக்குப் படிப்படியாக விடை தேடுகிறது. அதற்கு நான் எடுத்துக்கொண்டிருப்பது பக்-டிக் என்ற ஜப்பானிய ராக் இசைக்குழுவை. என் விருப்பம் ஒருபுறம் இருக்க, இந்தத் தேர்வுக்கு வலுவான காரணம் ஒன்று உண்டு. 1985 முதல் 2023 வரை, முப்பத்தெட்டு ஆண்டுகள், அந்தக் குழுவில் அதே ஐந்து பேர் இருந்தார்கள். ஒருவரும் விலகவில்லை, புதிதாக ஒருவரும் சேரவில்லை. பொதுவாக ஒரு குழுவின் இசை மாறினால் புதிய கிட்டார் கலைஞர் வந்ததால் மாறியது என்று எளிதில் சொல்லிவிடலாம். இங்கே அந்தச் சமாதானம் செல்லாது. ஆட்கள் மாறாமலேயே இசை மாறியிருக்கிறது என்பதால், மாற்றம் நடக்கும் விதத்தை இந்தக் குழுவில் தெளிவாகப் பார்க்க முடிகிறது.

ஐந்து பேரும் அவர்களின் வேலைகளும்

டோக்கியோவுக்கு வடமேற்கே குன்மா மாகாணத்தில் ஃபுஜியோகா என்ற ஊர் இருக்கிறது. 1983இல் அவ்வூர் இளைஞர்கள் சிலர் வேறொரு பெயரில் குழு ஒன்றைத் தொடங்கி, ‘தி ஸ்டாலின்’ என்ற ஜப்பானிய பங்க் (கரடுமுரடான, வேகமான ராக் வகை) குழுவின் பாடல்களை வாசித்துப் பழகினார்கள். மறு ஆண்டு பெயரை மாற்றிக்கொண்டார்கள். ஜப்பானிய மொழியில் ‘பகுச்சிகு’ என்றால் பட்டாசு; அந்தச் சொல்லைக் கேட்பதற்கு ஆங்கிலம் போல வளைத்து எழுதியதே ‘பக்-டிக்’.

குழுவின் பாடகர் அட்சுஷி சகுராய் தொடக்கத்தில் பாடகராக இருக்கவில்லை, டிரம்ஸ் வாசித்துக்கொண்டிருந்தார். 1985இல் அவர் மைக்கின் முன்னால் வந்து நிற்க, பேஸ் கிட்டார் வாசித்த யுடாகா ஹிகுச்சியின் அண்ணன் டோல் யாகாமி டிரம்ஸ் இருக்கைக்கு வந்தார். ஹிசாஷி இமாய் முன்னணி கிட்டார் கலைஞர். பெரும்பாலான பாடல்களுக்கு மெட்டமைத்தவரும் அவரே. ஹிதேஹிகோ ஹோஷினோ இரண்டாவது கிட்டார். எண்ணிக்கையில் குறைவாக மெட்டமைத்தாலும் குழுவின் மிகவும் நேசிக்கப்படும் பாடல்கள் சில அவருடையவை. தொடக்க காலத்தில் இமாய் பல பாடல்களுக்கு வரிகளும் எழுதினார். பின்னர் வரிகள் பெரும்பாலும் சகுராயின் பொறுப்பாயின. யார் மெட்டமைக்கிறார், யார் எழுதுகிறார், யார் தாளத்தைப் பிடிக்கிறார் என்ற இந்த வேலைப் பங்கீட்டை நினைவில் வைத்துக்கொண்டால் பின்னால் வருபவை எளிதாகப் புரியும்.

முதலில் நீக்க வேண்டிய குழப்பம்: விஷுவல் கேய்

பக்-டிக் பற்றிப் பேச்செடுத்தாலே ‘அது விஷுவல் கேய் இசைதானே’ என்பார்கள். விஷுவல் கேய் என்பது கண்ணைக் கவரும் ஒப்பனை, உடை, முடியலங்காரம் ஆகியவற்றை மேடையின் உயிர்ப்பகுதியாகக் கொண்ட ஜப்பானிய ராக் குழுக்களைக் குறிக்கும் சொல். ‘எக்ஸ்’ என்ற குழு 1980களின் இறுதியில் ‘விஷுவல் ஷாக்’ என்ற சொற்களைக் கொண்ட முழக்கத்தைப் பயன்படுத்தியதும், இசை இதழ்கள் அதை ஒட்டி எழுதியதும் இந்தப் பெயர் பரவக் காரணமாயின. முடியை வானத்தை நோக்கி நிறுத்தி, முகத்தை வெளுப்பாக்கி மேடையேறிய பக்-டிக், இந்தப் போக்கின் முன்னோடிகளில் ஒன்றாக எண்ணப்படுகிறது.

ஆனால் இது தோற்றத்துக்கான பெயர். இசைக்கான பெயர் அன்று. பட்டு வேட்டி கட்டி மேடையேறுபவர்கள் எல்லோரும் ஒரே ராகத்தையா பாடுகிறார்கள்? விஷுவல் கேய் என்ற பெயரின் கீழ் அதிவேக மெட்டல் வாசித்தவர்களும் உண்டு, மென்மையான பாப் பாடியவர்களும் உண்டு. எனவே ‘பக்-டிக் விஷுவல் கேயை விட்டுவிட்டது, அதனால் இசை மாறிவிட்டது’ என்ற வாதத்தில் ஒரு கண்ணி அறுந்திருக்கிறது. 1990களின் தொடக்கத்தில் அவர்கள் முடியைத் தழைய விட்டதும் அதே காலத்தில் இசை இருண்டு கனத்ததும் உண்மைதான். இரண்டும் ஒரே நேரத்தில் நடந்தன என்பதற்காக ஒன்று மற்றொன்றுக்குக் காரணமாகிவிடாது.

குழம்பும் கைப்பக்குவமும்: ஒரு பாடலின் அடுக்குகள்

ஒரு வீட்டில் அம்மா வாரம் முழுவதும் குழம்பு வைக்கிறார். திங்கட்கிழமை கத்தரிக்காய், செவ்வாய்க்கிழமை சுண்டைக்காய் வற்றல், மறுநாள் மீன். காய் மாறுகிறது, மசாலா மாறுகிறது, புளியின் அளவு கூடக் குறைய இருக்கிறது. ஆனாலும் விருந்துக்கு வந்தவர் ஒரு வாய் வைத்ததும் ‘இது அந்த வீட்டுக் குழம்பு’ என்று சொல்லிவிடுவார். அந்த அடையாளத்துக்குத்தான் கைப்பக்குவம் என்று பெயர்.

பாடலும் இப்படிப் பல அடுக்குகளால் ஆனது. முதல் அடுக்கு மெட்டு. வேறு வாத்தியம் எதுவும் இல்லாமல் குளியலறையில் நாம் முணுமுணுக்கக்கூடிய பகுதி அது. இரண்டாவது வரிகள். மூன்றாவது அரேஞ்ச்மென்ட், எந்த வாத்தியம் எப்போது நுழைய வேண்டும், எப்போது ஓய வேண்டும், எந்த வேகத்தில் போக வேண்டும் என்ற திட்டம். நான்காவது ஒலித்தன்மை, அதே கிட்டார் கண்ணாடி போலத் தெளிவாகக் கேட்கிறதா, கரகரக்கிறதா, தொலைவில் எதிரொலிக்கிறதா என்பது.

நான்காவது அடுக்கைப் புரிந்துகொள்ளத் திருவிழாவில் கட்டும் குழாய் ஒலிபெருக்கியை நினைத்துக்கொள்ளுங்கள். தாங்கும் அளவுக்கு மேல் சத்தத்தைக் கூட்டினால் குரல் பிசிறடித்துக் கரகரக்கும். ராக் இசையில் மின்கிட்டாரின் ஒலியை வேண்டுமென்றே அந்த நிலைக்குக் கொண்டுபோவதற்கு டிஸ்டார்ஷன் என்று பெயர். அதேபோல, முன்கூட்டியே பதித்து வைத்த சுரங்களையும் தட்டுகளையும் குறித்த நொடியில் தானாகவே வாசிக்கும் கருவிக்கு சீக்வென்சர் என்று பெயர். துளையிட்ட அட்டையைப் பார்த்துத் தானாகப் பூ வேலை செய்யும் ஜக்கார்டு தறியின் வேலைக்கும் இதற்கும் அதிக வித்தியாசம் இல்லை. டிஸ்டார்ஷனும் சீக்வென்சரும் பக்-டிக் இசையில் மிகப் பெரிய வேலை செய்தவை என்பதால் இவற்றை மட்டும் இங்கே விளக்கினேன்.

இதுவரை பார்த்ததன் சாரம்: ஒரு பாடலில் மெட்டு, வரிகள், அரேஞ்ச்மென்ட், ஒலித்தன்மை என நான்கு அடுக்குகள் உள்ளன. ‘குழு மாறிவிட்டது’ என்று நாம் சொல்லும்போது இவற்றில் ஒன்றிரண்டுதான் மாறியிருக்கும். எது என்று பார்ப்பதே முதல் வேலை.

அவர்களே செய்து காட்டிய சோதனை

இந்த அடுக்குகளைத் தனித்தனியாகக் கேட்டறிய பக்-டிக்கே ஒரு வாய்ப்பைத் தந்திருக்கிறது. 1992இல் அவர்கள் ‘கொரோஷி நோ ஷிராபே’ என்ற ஆல்பத்தை வெளியிட்டார்கள். அதன் துணைத்தலைப்பு ‘இது வெற்றிப்பாடல்களின் தொகுப்பு அல்ல’ என்று பொருள்படும். குழுவின் பழைய பாடல்கள்தான் அதில் இருந்தன. ஆனால் பழைய பதிவுகளை அடுக்கித் தராமல், எல்லாவற்றையும் புதிதாக வாசித்துப் பதிவு செய்திருந்தார்கள்.

1989இல் வந்த ‘டாபூ’ ஆல்பத்தின் முதல் பாடலான ‘ஐகோனோக்ளாசம்’ இதிலும் இருக்கிறது. 1988இல் வந்த ‘ஜஸ்ட் ஒன் மோர் கிஸ்’ இருக்கிறது. ஒரு பாடலின் பழைய பதிவையும் புதிய பதிவையும் அடுத்தடுத்துக் கேட்டுப் பாருங்கள். மெட்டு அதே மெட்டு, வரிகளும் அவையே. வாசிக்கும் ஆட்களும் அவர்களேதான். மாறியிருப்பவை மூன்றாவது, நான்காவது அடுக்குகள் மட்டுமே. இளமைத் துள்ளலோடு ஓடிய பாடல் அடர்ந்த நிழலுக்குள் நடப்பது போலாகிவிடுகிறது. நான் ஜப்பானிய இசையைக் கேட்கத் தொடங்கிய காலத்தில், இந்த இரு பதிவுகளையும் ஒரே மாலையில் கேட்டபோதுதான் ‘அரேஞ்ச்மென்ட்’ என்ற சொல்லின் கனம் எனக்கு உறைத்தது. எந்தப் பாடப்புத்தகமும் அதை இவ்வளவு தெளிவாகச் சொல்லித்தந்திருக்க முடியாது.

பட்டாசுக் காலமும் அதன் திருப்பமும்

முதல் சில ஆண்டுகளைச் சுருக்கமாகவே சொல்லிவிடலாம். 1987 ஏப்ரலில் ஒரு சிறு நிறுவனத்தின் வழியாக ‘ஹர்ரி அப் மோட்’, அதே ஆண்டு நவம்பரில் பெரிய நிறுவனமான விக்டர் வழியாக அடுத்த ஆல்பம், 1988இல் ‘செவன்த் ஹெவன்’. இவற்றின் இசையை ஜப்பானில் பீட் ராக் என்பார்கள்: நேராக, சீராக, வேகமாக ஓடும் தாளத்தின் மேல் எளிதில் மனத்தில் ஒட்டும் மெட்டை வைக்கும் பாணி அது. அதே குன்மா மாகாணத்தைச் சேர்ந்த ‘போவி’ என்ற குழு இந்தப் பாணியை நாடெங்கும் பரப்பியிருந்தது.

1988இல் ‘ஜஸ்ட் ஒன் மோர் கிஸ்’ பாடல் விக்டர் நிறுவனத்தின் சிடி ரேடியோ கேசட் விளம்பரத்தில் ஒலித்தது. அந்த விளம்பர வாசகத்தில் குழுவின் பெயரையே வினைச்சொல்லாக்கி, ‘அடியாழத்து ஒலி பகுச்சிகு ஆகிறது’ என்ற பொருளில் எழுதியிருந்தார்கள். நம் வழக்கில் ‘பேஸ் சும்மா பட்டாசாய் வெடிக்கிறது’ என்று சொல்வது போல. பெயர் வினைச்சொல்லாகும் அளவுக்குப் புகழ் வந்துவிட்டது. லண்டனில் பதிவான ‘டாபூ’, ஜப்பானின் ஒரிகான் விற்பனைப் பட்டியலில் முதலிடத்தைப் பிடித்தது. அதே 1989இல் இமாய் போதைப்பொருள் வழக்கில் கைதானதால் குழு சில மாதங்கள் மௌனமாயிற்று. டிசம்பர் 29 அன்று டோக்கியோ டோமில் மீண்டும் மேடையேறியது. பிற்காலத்தில், 2001 முதல், ஆண்டு முடிவில் அதே நாளில் கச்சேரி நடத்துவது அவர்களின் வழக்கமானது.

உண்மையான திருப்பம் 1991 பிப்ரவரியில் வந்த ‘குருத்தா தையோ’ ஆல்பம். ‘பித்துப்பிடித்த சூரியன்’ என்று தலைப்பைத் தமிழில் சொல்லலாம். இங்கே நான்கு அடுக்குகளில் மூன்று ஒரே நேரத்தில் இடம்பெயர்ந்தன. கிட்டார்கள் ஒன்றன்மேல் ஒன்றாகப் பல படலங்களாகப் பதிவாயின. மின்சாரத்தால் ஒலியை உருவாக்கும் சிந்தசைசரின் ஓசை அவற்றுக்கு நடுவே ஊடுருவியது. அரேஞ்ச்மென்டில் அதுவரை இல்லாத இடைவெளிகளும் திடீர்ச் சரிவுகளும் வந்தன. வரிகளில் நிகழ்ந்த மாற்றத்துக்கு வாழ்க்கையே காரணம். 1990இல் சகுராயின் தாயார் மறைந்தார். அதற்குப் பின் அவர் எழுதியவை முன்பிருந்தவற்றைவிட ஆழமாகவும் மரணத்தை நேருக்கு நேர் பார்ப்பவையாகவும் ஆயின. இந்த ஆல்பத்தில் உள்ள ‘ஜூபிடர்’, ‘சகுரா’ என்ற இரு பாடல்களும் தாயை நினைத்து எழுதப்பட்டவை.

‘ஜூபிடர்’ பாடலைச் சற்று அருகில் போய்க் கேட்கலாம். மெட்டு ஹோஷினோவுடையது. மின்கிட்டாரின் ஆர்ப்பாட்டம் இல்லாமல் அகௌஸ்டிக் கிட்டாரின் நரம்புகளோடு பாடல் தொடங்குகிறது. சகுராயின் தாழ்ந்த குரல் அவசரமே இல்லாமல் நுழைகிறது. பட்டாசு என்று பெயர் வைத்துக்கொண்ட குழு, ஏழே ஆண்டுகளில் இவ்வளவு நிதானத்துக்கு வந்திருக்கிறது. ஆனால் மெட்டை மட்டும் தனியே எடுத்து முணுமுணுத்தால், அது 1987இலும் இதே குழு போட்டிருக்கக்கூடிய மெட்டாகவே படுகிறது. முதல் அடுக்கு அசையவில்லை.

நாற்றங்கால்: புதிய ஒலி எங்கே முளைக்கிறது?

இப்போது கட்டுரையின் மையக் கேள்விக்கு வருகிறோம். புதிய ஒலி ஒரு குழுவுக்குள் எப்படி நுழைகிறது? நெல்லை நேரடியாக வயலில் விதைக்காமல், ஒரு மூலையில் நாற்றங்கால் அமைத்து, அங்கே முளைத்து வளர்ந்த நாற்றைப் பிடுங்கி வயலில் நடுவார்கள். முளைக்குமா முளைக்காதா என்ற சோதனை நாற்றங்காலிலேயே முடிந்துவிடும். பக்-டிக் கலைஞர்கள் குழுவுக்கு வெளியே செய்த பணிகள் இப்படி நாற்றங்கால்களாக இருந்தன என்பது என் கணிப்பு; ஆண்டுகளை வரிசையாக வைத்துப் பார்த்தால் அந்தக் கணிப்பு வலுப்பெறுகிறது.

1994இல் இமாய், ‘சாஃப்ட் பேலே’ குழுவைச் சேர்ந்த மாகி ஃபுஜீயோடு சேர்ந்து ‘ஷாஃப்ட்’ என்ற பெயரில் ஓர் ஆல்பம் செய்தார். அது இண்டஸ்ட்ரியல் வகை. ஆலை இயந்திரத்தின் ஓசை போல இறுகிய, திரும்பத் திரும்ப வரும் தாளத்தையும் இரைச்சலையும் இசையின் மூலப்பொருளாகக் கொள்ளும் வகைக்கு அந்தப் பெயர். அடுத்த ஆண்டே பக்-டிக்கின் ‘சிக்ஸ்/நைன்’ வந்தது: நீண்ட, கனத்த, கேட்பவரை எளிதில் உள்ளே விடாத ஆல்பம். 1997இல் ‘செக்ஸி ஸ்ட்ரீம் லைனர்’ ஆல்பத்தில் சீக்வென்சரும் மின்தாளமும் குழுவின் முதுகெலும்புக்கே வந்துவிட்டன. மூன்று ஆண்டுகளுக்கு முன் பக்கத்து மூலையில் முளைத்தது இப்போது வயல் முழுவதும் நின்றது.

இரண்டாவது சான்று இன்னும் நேரடியானது. 2001இல் சகுராயும் இமாயும் வெளிநாட்டு இண்டஸ்ட்ரியல் கலைஞர்களான ரேமண்ட் வாட்ஸ், சாஷா கொனியெட்ஸ்கோ ஆகியோருடன் ‘ஷ்வைன்’ என்ற கூட்டணியில் இயங்கினார்கள். 2002இல் ‘கியோகுதோ ஐ லவ் யூ’, 2003இல் ‘மோனா லிசா ஓவர்டிரைவ்’ என்று இரட்டைப் பிள்ளைகள் போன்ற இரண்டு ஆல்பங்கள் வந்தன. முன்னதன் கடைசிப் பகுதிக்குப் பெயர் ‘கன்டினியூ’, பின்னதன் கடைசிப் பகுதிக்குப் பெயர் ‘கன்டினியுவஸ்’. கடின இயந்திர ஒலியும் கிட்டாரும் இவற்றில் பிரிக்க முடியாதபடி பிணைந்திருக்கின்றன.

2004இல் சகுராய் தனி ஆல்பம் ஒன்றை வெளியிட்டார். பல வெளிக் கலைஞர்கள் அதற்கு மெட்டமைத்தார்கள். வெவ்வேறு வகை இசைகளுக்கு நடுவே ஒரு பாடகராக, ஒரு நடிகரைப் போல, பல வேடங்களில் நிற்க அவர் அங்கே பழகிக்கொண்டார். மறு ஆண்டு பக்-டிக் வெளியிட்ட ‘ஜூசங்கய் வா கெக்கோ’, பதின்மூன்றாம் மாடியில் நிலவொளி என்று பொருள்படும் ஆல்பம், முழுக்க முழுக்க ஒரு நாடக மேடை: கோமாளிகள், சர்க்கஸ், இரத்தக் காட்டேரிகளின் காதல். இதன் வகைக்கு கோதிக் என்று பெயர். இருள், மரணம், சிதைவின் அழகு ஆகியவற்றைக் கம்பீரமான மெதுநடையில் பாடும் ராக் வகை அது. என் கணக்கில், பக்-டிக் ஆல்பங்களில் புதிதாகக் கேட்பவர் ஒன்றே ஒன்றை முழுமையாகக் கேட்க வேண்டுமென்றால் அது இதுவாக இருக்க வேண்டும். முதல் பாடலிலிருந்து கடைசிவரை ஒரே வீட்டின் அறைகளுக்குள் நடந்துபோகிற உணர்வை இது தருகிறது.

2015இலும் இதுவே நடந்தது. சகுராய் ‘தி மார்ட்டல்’ என்ற கோதிக் குழுவை நடத்தினார். இமாய் ‘ஷாஃப்ட்’டை மீண்டும் கூட்டினார். 2016இல் பக்-டிக்கின் ‘அட்டம் மிராய்ஹா நம்பர் 9’ வந்தது.

சுருக்கமாக: புதிய ஒலி குழுவுக்கு வெளியே ஒரு சிறு நிலத்தில் முளைத்து, பிறகு குழுவின் ஆல்பத்துக்குள் நடப்படுகிறது. ‘திடீரென்று மாறிவிட்டார்கள்’ என்று நமக்குத் தோன்றுவதற்குக் காரணம், நாம் வயலை மட்டும் பார்த்து நாற்றங்காலைப் பார்க்காததுதான்.

காரத்துக்குப் பின் மோர்க்குழம்பு

இரண்டாவது இயக்கமும் உண்டு. நேற்றுக் குழம்பில் காரம் தூக்கலாகிவிட்டால் இன்று மோர்க்குழம்பு வைப்பார்கள். பக்-டிக் ஆல்பங்களும் பல நேரங்களில் முந்தைய ஆல்பத்துக்குச் சொல்லும் மறுமொழியாக வந்திருக்கின்றன. ‘சிக்ஸ்/நைன்’ ஆல்பத்தின் இருட்டுக்கு அடுத்து 1996இல் வந்த ‘காஸ்மோஸ்’, கரகரப்பான கிட்டார்களுக்கு நடுவே பளிச்சென்று இனிக்கும் மெட்டுகளை வைத்தது. 2005இன் நாடக மேடைக்குப் பின் 2007இல் வந்த ‘டென்ஷி நோ ரிவால்வர்’ ஜோடனைகளைக் கழற்றி வைத்துவிட்டு, ஐந்து பேர் ஓர் அறையில் நின்று வாசிப்பதை முன்னிறுத்தியது. 2010இல் ‘ரேசில் டேசில்’ ஆட்டத்துக்கு அழைக்கும் மின்னிசைப் பக்கம் சாய்ந்தது.

எனவே இந்தக் குழுவின் வரலாற்றை எளிமையிலிருந்து சிக்கலுக்கு ஏறும் ஏணியாக வரைய முடியாது. வலப்பக்கமும் இடப்பக்கமும் ஆடிக்கொண்டே முன்னே போகும் ஊஞ்சல் வண்டி ஒன்று இருந்தால் அதுதான் பொருத்தமான படம். ‘வளர்ச்சி’ என்ற சொல்லை நான் தயக்கத்தோடு பயன்படுத்துவதும் இதனால்தான். 2007இன் நேர்த்தியான ராக் இசை 1997இன் இயந்திர இசையைவிட வளர்ந்ததா, தேய்ந்ததா என்று கேட்பதில் பொருளில்லை.

ஆனால் ஒவ்வொரு ஊசலாட்டமும் எதையாவது விட்டுச்செல்கிறது. வெள்ளம் வடிந்த பின் வயலில் வண்டல் தங்குவது போல, ஒரு காலத்தின் ஒலி அடுத்த காலத்தின் அடித்தளமாகிறது. சீக்வென்சர் 1997க்குப் பிறகு மறையவில்லை. அதற்குப் பின் வந்த ஆல்பங்களில் அது வெளியே துருத்தாமல் அடியில் ஓடுகிறது. அதேபோல 1991இல் கற்றுக்கொண்ட படலம் படலமான கிட்டார் அடுக்கலும் குழுவை விட்டுப் போகவே இல்லை. பிற்கால ஆல்பங்களான ‘நம்பர் 0’ (2018), ‘அப்ரகடப்ரா’ (2020) ஆகியவற்றைக் கேட்கும்போது, எந்த ஓசை எந்த ஆண்டின் வண்டல் என்று பிரித்தறிவது எனக்கு மிகுந்த மகிழ்ச்சி தரும் வேலை.

மாறாமல் நின்றவை

குழுவின் கைப்பக்குவம் எது என்பதை இனிச் சொல்லிவிடலாம். முதலாவது, பாடத்தக்க மெட்டு. ஜப்பானில் காயோக்யோக்கு என்ற பழைய வெகுஜனப் பாடல் மரபு உண்டு. மேற்கத்திய வாத்தியங்களோடு ஜப்பானியச் செவிக்கு இனிய, ஏக்கம் தோய்ந்த மெட்டுகளைச் சேர்த்துப் பாடிய மரபு அது. பக்-டிக் எத்தனை இரைச்சலை எழுப்பினாலும் அதன் நடுவே அந்த மரபின் சாயலுள்ள மெட்டு ஒன்று ஓடிக்கொண்டிருக்கும். ‘மேற்கத்தியக் குழுக்களைப் பார்த்து அப்படியே செய்கிறார்கள்’ என்ற குற்றச்சாட்டு பொய்ப்பது இங்கேதான். ஒலியை அவர்கள் உலகெங்கிலுமிருந்து வாங்கினார்கள். மெட்டை வீட்டிலிருந்து எடுத்தார்கள்.

இரண்டாவது, கிட்டார்களின் வேலைப் பங்கீடு. ஹோஷினோ பாடலின் தரையைச் சமன் செய்து தர, இமாய் அதன்மேல் கோணலான, எதிர்பாராத இடத்தில் திரும்பும் சுர வரிசைகளை வாசிப்பார். இமாய் மேடையில் தெரமின் என்ற கருவியையும் வாசிப்பதுண்டு. தொடாமலே வாசிக்கும் மின்வாத்தியம் அது. இரண்டு கம்பிகள் இருக்கும், ஒன்றின் அருகே கையைக் கொண்டுபோனால் சுரம் ஏறும், மற்றொன்றின் அருகே கொண்டுபோனால் ஒலி அடங்கும். காற்றைத் தடவுவது போல அவர் கையை அசைக்க, அழுகைக்கும் சைரனுக்கும் இடைப்பட்ட ஓர் ஓசை எழும். அந்த ஓசைக்குக் கீழே ஹோஷினோவின் கிட்டார் ஒரே சீராகப் போய்க்கொண்டிருக்கும்.

மூன்றாவது, அண்ணன் தம்பியின் தாளம். யாகாமியும் ஹிகுச்சியும் வித்தை காட்டுபவர்கள் அல்லர். சீக்வென்சர் ஓடும் பாடலிலும் மனிதக் கையின் எடை தெரியும்படி அழுத்தமாக, எளிமையாக வாசிப்பவர்கள்.

நான்காவது சகுராயின் குரல். இளமையில் கூர்மையாக இருந்த அது ஆண்டுகள் போகப் போகத் தாழ்ந்து, அகன்று, கிணற்றின் ஆழத்திலிருந்து வருவது போலானது. எல்லாப் பாணிகளையும் ஒரே நூலில் கோத்தது அந்தக் குரல்தான்.

சுருக்கமாக: அரேஞ்ச்மென்டும் ஒலித்தன்மையும் ஓயாமல் நகர்ந்தன, வரிகள் ஒரு துயரத்துக்குப் பின் ஆழம் பெற்றன, மெட்டின் இயல்பும் தாளத்தின் எடையும் குரலும் நின்ற இடத்தில் நின்றன.

நின்ற ஒன்று இல்லாமல் போனபோது

2023 ஏப்ரலில் ‘இசோரா’ என்ற ஆல்பம் வந்தது. அதே ஆண்டு அக்டோபர் 19 அன்று யோகோஹாமாவில் நடந்த கச்சேரியின் நடுவே சகுராய்க்கு உடல்நிலை மோசமாகி, அன்றிரவே மருத்துவமனையில் மூளைத்தண்டு இரத்தக்கசிவால் காலமானார். அவருக்கு வயது 57. டிசம்பர் 29 அன்று டோக்கியோவின் நிப்பான் புடோகானில் மற்ற நால்வரும் மேடையேறினார்கள். அவர்கள் நேரில் வாசிக்க, சகுராயின் பதிவு செய்யப்பட்ட குரல் அரங்கில் ஒலித்தது.

நாம் இதுவரை கட்டிய விளக்கத்துக்கு இது கடினமான சோதனை. காய் மாறினாலும் கைப்பக்குவம் நிற்கும் என்றோம். கையே இல்லாமல் போனால்? நால்வரும் வெளியிலிருந்து புதிய பாடகர் எவரையும் அழைத்து வரவில்லை. 2024 டிசம்பரில் வந்த ‘சப்ரோசா’ ஆல்பத்தில் இமாயும் ஹோஷினோவுமே பாடினார்கள். பழைய குரலைப் போலப் பாடும் முயற்சி அதில் இல்லை. மின்னிசை முன்னைவிட விரிவாகப் பரவி, குரல் நடுவில் சிம்மாசனம் போட்டு அமராமல் மற்ற ஒலிகளோடு ஒன்றாக நடக்கிறது. முப்பத்தெட்டு ஆண்டுகள் அசையாதிருந்த அடுக்கு அசைந்ததும், மற்ற அடுக்குகள் அதற்கேற்பத் தம்மை நகர்த்திக்கொண்டிருக்கின்றன.

‘சப்ரோசா’வில் இமாயின் குரலைக் கேட்டதும் எனக்கு 2003இன் ‘மோனா லிசா ஓவர்டிரைவ்’ ஆல்பத்தில் உள்ள ‘சிட் விஷியஸ் ஆன் தி பீச்’ என்ற பாடல் நினைவுக்கு வந்தது. அதில் முன்னணிக் குரல் சகுராயுடையது அன்று, இமாயுடையது. அந்தக் காலத்தில் அதை ஆல்பத்தின் நடுவே வரும் ஒரு விளையாட்டாகவே பலரும் எடுத்துக்கொண்டார்கள். இருபத்தோரு ஆண்டுகளுக்கு முன்பே அந்த நாற்றும் ஓர் ஓரத்தில் முளைத்திருக்கிறது.